துண்டுக்குள் பேசியது

போடிநாயக்கனூர் ஏலக்காய்க் கடைத்தெருவில் விலையை வாயால் சொல்கிறவன் வியாபாரி இல்லை, விவரம் கெட்டவன். வாங்குகிறவரும் விற்கிறவரும் எதிரெதிரே உட்கார்ந்து கைகளின் மேல் ஒரு துண்டைப் போட்டுக்கொள்வார்கள். துண்டுக்கு மேலே மழையைப் பற்றியும் மகள் பிரசவத்தைப் பற்றியும் பேச்சு நடக்கும். துண்டுக்குக் கீழே விரல்கள் விலை பேசும். பேரம் படிந்ததும் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விடுவார்கள். உள்ளே என்ன பேசினீர்கள் என்று பெற்ற தாய் கேட்டாலும் சொல்லக் கூடாது. சொன்னவனோடு அப்புறம் ஊரில் யாரும் துண்டு போட மாட்டார்கள்.

இந்தப் பழக்கத்தைக் கேள்விப்பட்டபோது ஸ்ரீமான் சுந்தரராஜுக்குக் கண்ணில் நீர் வந்திருக்க வேண்டும். எழுதிக் கொடுக்க வேண்டியதில்லை, சாட்சி வேண்டியதில்லை, ஏமாந்தவன் வாயைத் திறக்கவும் கூடாது. இப்படி ஓர் ஊரைத் தேடித்தான் அவர் இத்தனை காலமும் ரயில் ஏறி இறங்கிக்கொண்டிருந்தார்.

யுத்தத்தின்போது பிடுங்கிக்கொண்டு போன தண்டவாளத்தை சர்க்கார் போடிக்கு மறுபடி போட்டுக் கொடுத்த புதிது. அந்த ரயிலில் வந்து இறங்கியவர், கொளுத்துகிற வெயிலில் கழுத்தில் மப்ளரோடு நடந்து போய், காலியாகக் கிடந்த, ஏலக்காய் மூட்டை அடுக்குகிற ஒரு கிட்டங்கியை வாடகைக்குப் பிடித்தார். 'ஸ்ரீ மேற்குமலை ஏலச்செடி அபிவிருத்தி ஐக்கிய சங்கம்' என்று வாசலில் பலகை தொங்கியது. சங்கத்திடம் ஒரு செடிகூடக் கிடையாது. அதை யாரும் கவனிக்கவில்லை, பலகை அவ்வளவு நீளம்.

சங்கத்தின் ஏற்பாடு எளிமையானது. சேருகிறவர் ஏதாவது ஒரு பொருளை 'நட' வேண்டும். பித்தளை, வெண்கலம், வெள்ளி, தங்கம், எதுவானாலும் சரி. பணம் மட்டும் வாங்க மாட்டார்கள். பணம் கொடுத்தவன் ரசீது கேட்பான். ஏலச்செடியின் பாகங்கள்தான் பட்டங்கள்; நட்டவருக்கு 'முளை' என்று பட்டம். அவர் தமக்குக் கீழே மூன்று முளைகளைக் கொண்டுவந்தால் 'தட்டை'. அந்த மூவரும் ஆளுக்கு மூவரைக் கொண்டுவந்தால் 'சரம்'. அதற்கு மேல் 'தூர்'. எல்லாவற்றுக்கும் மேலே 'மலை'. மலையாக சுந்தரராஜ் ஒருவரே இருந்தார். நட்டது எத்தனை மடங்காகத் திரும்பி வரும், எப்போது வரும் என்பதை மட்டும் வாயால் சொல்ல மாட்டார்கள். அது துண்டுக்குள்.

கன்னையனுக்கும் இந்த வியாபாரத்துக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. போடிமெட்டு மலைப்பாதை தொடங்குகிற முந்தல் என்ற ஊரில் டீக்கடை வைத்திருந்தார். தோட்டத்து ஆட்களை ஏற்றிக்கொண்டு மேலே போகிற ஜீப்புகளும் கீழே வருகிற ஜீப்புகளும் அவர் கடை முன்னால் நிற்கும். தாயார் விட்டுப்போன வெண்கலப் பானையில் தண்ணீர் கொதிக்கும். டீ சுமாராக இருக்கும். அடுத்த டீக்கு மலை ஏற வேண்டும் என்பதால் யாரும் குறை சொன்னதில்லை.

ஒருநாள் சங்கத்தின் காரியதரிசி தவசி வந்தான். முன்பு தரகர்களிடம் எடுபிடியாக இருந்தவன். இப்போது சட்டைக்கு மேல் கோட்டு போட்டிருந்தான்.

"அண்ணே, நம்ம ரெண்டு பேரும் ஒரு துண்டு போடுவமா?"

கன்னையனுக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. தம் கடை பெஞ்சில் துண்டு போட்டு உட்காருகிற வியாபாரிகளுக்கு ஆயுள் முழுக்க டீ கொடுத்தவர் அவர். அவரோடு துண்டு போட வேண்டும் என்று இதுவரை ஒரு ஜீவனுக்கும் தோன்றியதில்லை. அடுப்படித் துணியில் கையை அவசரமாகத் துடைத்துக்கொண்டு நீட்டினார். துண்டுக்குள்ளே தவசி அவருடைய இரண்டு விரல்களை மடக்கினான், ஒன்றை நீவினான், மணிக்கட்டில் ஓர் அழுத்து அழுத்தினான்.

"என்னண்ணே, கட்டுபடி ஆகும்ல?"

கன்னையனுக்கு விரல் பாஷை தெரியாது. தெரியாது என்று சொன்னால் துண்டை உருவிக்கொண்டு போய்விடுவானோ என்று பயம். பெரிய வியாபாரிகள் செய்வதுபோலக் கொஞ்சம் யோசிக்கிற பாவனையில் மேலே மலையைப் பார்த்தார்.

"ஆகும் ஆகும்" என்றார்.

அன்று சாயங்காலமே வெண்கலப் பானை நடப்பட்டது. மறுநாளிலிருந்து டால்டா டின்னில் தண்ணீர் கொதித்தது.

வெள்ளிக்கிழமை தோறும் கிட்டங்கியில் சங்கக் கூட்டம். ஏலச்செடி நிழலில் வளர்வதாகையால் அங்கத்தினர்கள் நிழல் இல்லாமல் உட்காரக் கூடாது என்று விதி. கிட்டங்கிக்குக் கூரை இருக்கிறதே என்று ஒருவர் கேட்டதற்கு, அது கட்டடத்தின் நிழல், சங்கத்தின் நிழல் அல்ல என்று விளக்கம் வந்தது. ஆகவே எல்லோரும் கூரைக்குள் குடை பிடித்தார்கள். முளைகளுக்கு ஓலைக்குடை, தட்டைகளுக்குத் துணிக்குடை, சரங்களுக்குக் குஞ்சம் வைத்த குடை. ஒருவரை ஒருவர் பார்த்தால் "நிழல்" என்று சொல்ல வேண்டும். பதிலுக்கும் "நிழல்" என்றே சொல்ல வேண்டும். யாருக்காவது பட்டம் உயர்ந்தால் தவசி பூவாளியைத் தூக்கிக்கொண்டு வந்து அவர் காலில் தண்ணீர் ஊற்றுவான். குடைகள் மறைத்ததால் மேடையில் இருப்பவர் யாருக்கும் தெரியாது. குரல் மட்டும் கேட்கும்.

"சங்கத்தில் சரக்கு இருக்கிறதா என்று சிலர் கேட்கிறார்கள்" என்றார் சுந்தரராஜ். "சரக்கு வைத்திருக்கிற கம்பெனி சரக்கு தீர்ந்ததும் மூடிவிடும். நம்மிடம் சரக்கே கிடையாது. எனவே நாம் மூடவே முடியாது!"

கைதட்ட முடியாமல் எல்லோரும் குடையை ஆட்டினார்கள்.

"மேலே இருப்பவன் கீழே இருப்பவனைத் தாங்குவான் என்று மற்ற ஸ்தாபனங்கள் புளுகும். கீழே இருப்பவர்தான் மேலே இருப்பவரைத் தாங்குகிறார். இதை ஒளிக்காமல் சொல்லுகிற ஒரே சங்கம் நம்முடையது. தேவிகுளம் நமக்கா, பீர்மேடு மலையாளத்தாருக்கா என்று பெரியவர்கள் அடித்துக்கொள்கிறார்கள். நம் மலை எந்த ராஜ்யத்திலும் இல்லை. அதனால் அதை யாரும் நம்மிடமிருந்து பிரிக்க முடியாது!"

குடைகள் வெகுநேரம் ஆடின. கன்னையனும் ஆட்டினார். என்ன சொன்னார் என்று பக்கத்தில் கேட்க நினைத்தார். பக்கத்துக்காரர் அழுதுகொண்டிருந்ததால் கேட்கவில்லை.

சீக்கிரமே போடியில் ஆள் தட்டுப்பாடு வந்துவிட்டது. எல்லோரும் யாருக்காவது கீழே இருந்தார்கள். மாமனார் மருமகனுக்குக் கீழே முளைத்தார். சவரம் செய்ய உட்கார்ந்தவர்கள் பாதிச் சவரத்தில் சேர்க்கப்பட்டார்கள். சாகக் கிடந்த ஒரு பெரியவரைக் கையில் துண்டு போட்டுச் சேர்த்துவிட்டு, அவர் விரல் அசைந்தது என்று மூன்று தட்டைகள் சத்தியம் செய்தார்கள்.

இதையெல்லாம் தூக்கி அடித்தவர் தேவாரம் ஊர் விவசாயி ஜக்கையன். அவர் சோளக்காட்டில் இறங்கிய ஒற்றை யானை, வரப்பில் வைத்திருந்த செப்புக் குடத்தை மிதித்துச் சப்பையாக்கிவிட்டுப் போனது. ஜக்கையன் அந்தக் குடத்தைக் கொண்டுவந்து யானையின் பேரிலேயே நட்டார். தாம் கொண்டுவந்த மூன்றாவது முளை அது என்று வாதாடினார். சங்கம் அதை ஏற்றது. அடுத்த வாரம் யானை வேறு மூன்று யானைகளோடு வந்தது. அக்கம்பக்கத்துக் காடுகளில் மிதிபட்ட அண்டாவும் குடமும் அவற்றின் பேரில் நடப்பட்டன. ஆக, யானை தட்டை ஆகிவிட்டது. அதற்கான துணிக்குடையை வெள்ளிக்கிழமைகளில் ஜக்கையன் இன்னொரு கையில் பிடித்துக்கொண்டிருந்தார்.

"ஒரு மிருகம் மூன்று பேரைச் சேர்க்கிறது" என்றார் சுந்தரராஜ் அந்தக் கூட்டத்தில். "மனிதப் பிறவி எடுத்த சிலர் இரண்டோடு நிற்கிறார்கள்."

இரண்டோடு நின்றவர் கன்னையன்தான். விறகுக்கார அமாவாசையையும் பால்காரரையும் சேர்த்திருந்தார். அவமானத்தில் அவருக்குக் காது மடல் சுட்டது. யானையைவிடக் கீழே இருப்பது அவருக்குப் பழக்கமில்லாத நிலைமை.

போதும், பானையை வாங்கிக்கொண்டு ஒதுங்கிவிடலாம் என்று ஒருநாள் மத்தியானம் கிட்டங்கிக்குப் போனார். முன்கதவு சாத்தியிருந்தது. பின்பக்கம் போனார். அங்கே ஒரு லாரியில் லோடு ஏறிக்கொண்டிருந்தது. சாக்குக்கு வெளியே துருத்திக்கொண்டிருந்த வெண்கலக் கழுத்தை அவருக்கு நன்றாகத் தெரியும். அந்த நெளிவு, சிறுவயதில் அவரே கீழே போட்டு உண்டாக்கியது. மப்ளரைச் சரிசெய்தபடி நின்ற சுந்தரராஜ் அவரைப் பார்த்துத் திடுக்கிடக்கூட இல்லை.

"வாருங்கள் கன்னையன். வேரைப் பார்த்துவிட்டீர்கள். சந்தோஷம்."

"எங்க பானை எங்கய்யா போகுது?"

"மதுரைக்கு. உருக்குவதற்கு."

"அப்பத் திரும்பி வராதுங்களா?"

"உருக்கின பானை எப்படித் திரும்பி வரும்? யோசித்துப் பேச வேண்டும்."

"மத்தவுக நட்டதெல்லாம்?"

"அதுவும்தான். சங்கத்தில் பாரபட்சம் கிடையாது."

சுந்தரராஜ் கன்னையன் தோளில் அன்பாகக் கை போட்டார்.

"வேரைப் பார்த்தவர்களுக்குத் தனிச் சலுகை உண்டு. மூன்றாவது முளையைக் கொண்டுவாருங்கள். தங்கமாக இருக்கட்டும். உங்களுக்கு மதுரையிலிருந்து புதுப் பித்தளைப் பாய்லர் வரும். இதை நான் துண்டுக்குள் சொல்லவில்லை, வாயால் சொல்கிறேன். நான் வாயால் சொன்னது எதுவும் இதுவரை பொய் ஆனதில்லை."

கன்னையன் நேரே கடைத்தெருவுக்குப் போய்க் கூவியிருக்கலாம். கூவத்தான் கிளம்பினார். கூவினால் தன் பானை போனது ஊருக்குத் தெரியும். அமாவாசை தன் அண்டாவைக் கேட்டு வருவான். யானையே தட்டை ஆன இடத்தில் நீ ஏமாந்தாயா என்று சிரிப்பார்கள். இப்படி யோசித்துக்கொண்டே நடந்ததில் கடைத்தெரு வருவதற்குள் மனசுக்குள் பாய்லர் வந்துவிட்டது. மேலே புகைக்குழாய், பக்கத்தில் பித்தளைத் திருகு, திருகினால் சுடுதண்ணீர். முந்தலில் யாரிடமும் பாய்லர் கிடையாது. கன்னையன் கெட்டவர் இல்லை. ஆனால் அந்த மத்தியானத்துக்குப் பிறகு தாம் செய்ததை அவரால் தெரியாமல் செய்ததாகச் சொல்லிக்கொள்ள முடியாது. அது அவருக்கே நன்றாகத் தெரியும்.

மலைமேல் ஏலத்தோட்டத்தில் காய் எடுக்கிற வேலையில் இருந்தாள் அவருடைய அக்கா வீரலட்சுமி. புருஷன் போன பிறகு ஈரத்தில் குனிந்து குனிந்து முழங்கால் இரண்டும் வீங்கிவிட்டன. அவளிடம் இருந்த ஒரே சொத்து காதில் தொங்கிய தங்கத் தண்டட்டி ஜோடி. அதை விற்று, போடி பஸ்சு நிற்கிற இடத்துக்கு எதிரே ஓர் இட்லிக்கடை போட வேண்டும் என்று இடம்கூடச் சொல்லி வைத்திருந்தாள்.

"இந்தத் தடவை எறங்குனதுதேன் தம்பி, இனி ஏறமாட்டேன்" என்றாள் ஜீப்பிலிருந்து காலை மெள்ள ஊன்றி இறங்கி. "அட்டைக்கு ரத்தம் குடுத்தது போதும். நாளைக்கு ஆசாரிகிட்டப் போவமா?"

கன்னையன் டீயை ஆற்றினார். அது ஆறிய பிறகும் ஆற்றிக்கொண்டிருந்தார்.

"எதுக்குக்கா விக்கணும்? சங்கத்துல நட்டுட்டா..."

"நட்டா?"

"கூடக் கெடைக்கும்."

"நெசமாவா? எம்புட்டு? நீ சொன்னாச் சரிதேன். ஒனக்குத் தெரியாதா?"

எவ்வளவு என்பதை வாயால் சொல்ல அவருக்கு வரவில்லை. தோளிலிருந்த துண்டை எடுத்து அவள் கைமேல் போட்டார்.

"எனக்கு எதுக்குடா துண்டெல்லாம்? நான் என்ன யாவாரியா? வாயால சொல்லு."

"இல்லக்கா. சங்கத்துல அப்படித்தேன் வழக்கம்."

வாயால் சொன்னால் பொய் ஆகிவிடும். விரலுக்கு அந்தக் கவலை இல்லை. துண்டுக்குள்ளே அகப்பட்ட விரல்களையெல்லாம் மடக்கினார், நீவினார், மணிக்கட்டில் அழுத்தினார். ஏலத்தட்டையின் சொரசொரப்பு ஏறிய கை அது.

"கூசுதுடா" என்று சிரித்தாள் வீரலட்சுமி. தம்பி தன்னையும் ஒரு பெரிய மனுஷியாக மதித்துத் துண்டு போட்டதில் அவளுக்கும் பெருமைதான். ஒரு காதிலிருந்தும் மறு காதிலிருந்தும் தண்டட்டியைக் கழற்றி அவர் உள்ளங்கையில் வைத்தாள். வளர்த்த காதுகள் இரண்டும் தோள் வரை வெறுமையாகத் தொங்கின. கன்னையன் பார்வையை அடுப்புக்குத் திருப்பிக்கொண்டார்.

அடுத்த வெள்ளிக்கிழமை அவர் தட்டை ஆனார். தவசி காலில் தண்ணீர் ஊற்றினான். அதற்கு மறுவாரம் பாய்லர் வந்தது. சொன்னபடி புதுசு, சொன்னபடி பித்தளை.

அதற்கும் மறுவாரம் சங்கம் போய்விட்டது. கிட்டங்கியில் பூட்டு தொங்கியது. உடைத்துப் பார்த்தால் குடைகள் மட்டும் இருந்தன. மலை எப்படி இடம் பெயரும் என்று அங்கத்தினர்கள் கொஞ்ச நேரம் விவாதித்தார்கள். அப்புறம் எல்லோருமாகப் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனார்கள். சப் இன்ஸ்பெக்டர் தஞ்சாவூர்ப் பக்கத்துக்காரர். ஊர் வழக்கம் தெரியாது.

"என்ன தரேன்னு சொன்னான்?"

ஒருவர் தோளில் கிடந்த துண்டை இன்னொருவர் பார்த்தார்கள்.

"அட, வாயைத் திறங்கய்யா. ரெண்டு மடங்கா? பத்து மடங்கா?"

"அது துண்டுக்குள்ள பேசினதுங்கய்யா" என்றான் தவசி பணிவாக. அவனையும் விட்டுவிட்டுத்தான் சுந்தரராஜ் போயிருந்தார்.

சப் இன்ஸ்பெக்டர் ஒவ்வொருவராகக் கேட்டார். ஒவ்வொருவரும் தரையைப் பார்த்தார்கள். சொன்னால் நட்டது திரும்பலாம், ஆனால் மானம் போய்விடும். தவிர, அவர்களில் பாதிப் பேருக்குக் கன்னையனைப்போலவே விரல் பாஷை தெரியாது. அதைச் சொல்வதற்குப் பதில் உயிரை விடலாம்.

கன்னையனால் அதற்கு மேல் தாங்க முடியவில்லை. கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தார்.

"நான் சொல்றேன்யா. எனக்கு வாயாலயே சொன்னாரு. பாய்லர் தர்றேன்னாரு."

"தந்தானா?"

"தந்துட்டாரு. அதுதேன்யா கொடுமை. எங்க அக்கா தண்டட்டிய..."

மீதியை யாரும் கேட்கவில்லை. ஸ்டேஷன் அதிர்ந்தது. "பாத்தியா! சொன்னதச் சொன்னபடி செஞ்சிருக்காருய்யா!" என்று தவசி துள்ளினான். "கன்னையனுக்கே வந்துருச்சுன்னா நமக்கு வராமயா போகும்?" என்றார் ஜக்கையன். யாரோ "நிழல்!" என்று கத்த, எல்லோரும் "நிழல்!" என்றார்கள். சப் இன்ஸ்பெக்டர் பென்சிலைத் தூக்கிப் போட்டுவிட்டு, புகார் இல்லாதவர்கள் உடனே வெளியே போகலாம் என்றார்.

அன்றிலிருந்து முந்தலுக்குக் கூட்டம் வந்தது. பாய்லரைப் பார்த்துவிட்டுப் போனார்கள். தொட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். யாரோ சந்தனம் குங்குமம் வைத்தார்கள். இவ்வளவு தூரம் வந்துவிட்டு டீ குடிக்காமல் போக முடியுமா? கன்னையனின் வியாபாரம் அவர் கனவிலும் கண்டிராத உயரத்துக்குப் போனது. தவசி பாய்லரைக் காட்டியே புது முளைகளைச் சேர்க்க ஆரம்பித்தான்.

"எல்லாம் ஏமாத்துய்யா. பானைய உருக்குறாக. என் கண்ணால பாத்தேன்" என்று கன்னையன் ஒவ்வொருவரிடமும் சொன்னார்.

"கெடைச்சவுக அப்படித்தேன் சொல்லுவாக" என்று சிரித்துவிட்டு இன்னொரு டீ கேட்டார்கள். உண்மையைச் சொன்னால் பாரம் இறங்கும் என்று அவர் நினைத்திருந்தார். சொல்லச் சொல்ல டீதான் விற்றது.

இட்லிக்கடைக்குச் சொல்லி வைத்த இடத்தை வேறொருவர் பிடித்துக்கொண்டார். ஒரு திங்கள்கிழமை காலை, மேலே போகிற ஜீப்புக்குக் காத்திருந்த கூட்டத்தில் வீரலட்சுமி நின்றாள். தலையில் துணிமூட்டை. முந்தானையை இழுத்துக் காதை மூடியிருந்தாள். ஜீப்பு வர நேரமிருந்ததால் கடைக்குள் வந்து பெஞ்சில் உட்கார்ந்தாள். கன்னையன் பாய்லரைத் திருகி டீ போட்டார். வேறு எதில் போடுவது?

ஒரு வாய் குடித்துவிட்டுப் பாய்லரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எந் தண்டட்டிக்கு வந்ததா தம்பி, இது?"

கன்னையன் தலையை ஆட்டினார்.

"என் காதுலருந்து கழட்டி வாங்கறப்பவே ஒனக்குத் தெரியுமா?"

ஊருக்கெல்லாம் சொன்னவர் அவளுக்கு முன்னால் மூடியிருந்த திருகையே மறுபடி மூடினார். வெளியே தவசி யாருக்கோ பாய்லரின் மகிமையை விளக்கிக்கொண்டிருந்தான்.

"வாயால சொல்ல வேணாம்" என்றாள் வீரலட்சுமி. "துண்டப் போடு."

"அக்கா..."

"போடுறா. தெரியாமச் செஞ்சிருந்தா என் கை முழுசையும் பிடி. தெரிஞ்சு செஞ்சிருந்தா ஒரு வெரலு போதும். எனக்கும் வெரலு பாஷை தெரியாது, ஒனக்கும் தெரியாது. நம்ம ரெண்டு பேருக்கும் இதாச்சும் புரியட்டும்."

துண்டு விழுந்தது. உள்ளே அவள் கை விரித்தபடி காத்திருந்தது. முழுக் கையையும் பிடித்துவிட்டால் போதும். அவள் நம்புவாள். துண்டுக்குள் நடந்ததை யாரும் கேட்கவும் முடியாது. கன்னையனின் கை மெல்லப் போய், அவளுடைய சுண்டுவிரலை மட்டும் பிடித்தது.

வீரலட்சுமி கையை உருவிக்கொள்ளவில்லை. ஜீப்பு வந்து ஹாரன் அடிக்கிற வரை அப்படியே உட்கார்ந்திருந்தாள். பிறகு அவளே துண்டை எடுத்து, உதறி, தம்பியின் தோளில் போட்டுவிட்டு எழுந்தாள். டீ பாதிக்கு மேல் மிச்சம் இருந்தது.

ஜீப்பில் ஏற முழங்கால் ஒத்துழைக்கவில்லை. தவசிதான் ஓடிப்போய்க் கை கொடுத்துத் தூக்கிவிட்டான். அவனுக்கு ஆவல் தாங்கவில்லை.

"என்ன ஆத்தா, அண்ணே துண்டு போட்டாப்ல இருக்கு? எம்புட்டு வருமாம்?"

வீரலட்சுமி முந்தானையைக் காதுக்கு மேல் இன்னும் கொஞ்சம் இழுத்து விட்டுக்கொண்டாள். கடைக்குள் நின்ற தம்பியை ஒருமுறை பார்த்தாள்.

"அது துண்டுக்குள்ள பேசினது" என்றாள்.